தூரிகை எந்தப் பக்கம்?



போடிநாயக்கனூர்க் கடைவீதியிலே நடந்து செல்லும்போது, ஒரு நாளாவது இருபுறமும் உள்ள சுவர்களை உற்றுப் பாருங்கள். நகைக் கடைக்காரர் சிரிக்கிறார். திரைத் தாரகை சிரிக்கிறாள். நம் தலைவர்களும், மாற்றுக் கட்சித் தலைவர்களும், காதணி விழா நாயகரும், ஆளுயரத்துக்கு மேலே அச்சடித்த பதாகைகளிலே சிரிக்கிறார்கள். ஜமீன் அரண்மனைக்குள் சென்றால், அங்கே சுவரெல்லாம் இராமாயணம். இராமனும் சீதையும் குரங்குப் படையும் வண்ணத்திலே வாழ்கிறார்கள்.

எல்லா முகமும் இருக்கிறது. இந்த ஊரை வாழவைக்கும் முகம் மட்டும் எந்தச் சுவரிலும் இல்லை!

எந்த முகம்? விடியுமுன்னே எழுந்து, தூக்குவாளியிலே சோற்றை அடைத்துக்கொண்டு, ஜீப்பிலே நெருக்கியடித்து ஏறி, போடிமெட்டு வளைவுகளைக் கடந்து, பூப்பாறையிலும் சாந்தன்பாறையிலும் அவற்றுக்கு அப்பாலும் உள்ள ஏலத் தோட்டங்களிலே இறங்குகிறாளே ஒரு தாய், அவளுடைய முகம். மாலையிலே அதே ஜீப்பிலே, அதே வளைவுகளிலே, உயிரைக் கையிலே பிடித்துக்கொண்டு திரும்புகிறாளே, அவளுடைய முகம். ஏலக்காய்க்கு இந்த ஊரிலே மின்னணு ஏலம் உண்டு. நறுமணப் பொருள் வாரியம் நடத்துகிறது. கணத்துக்குக் கணம் விலை திரையிலே தெரிகிறது. அந்தக் காயைப் பறித்தவளின் முகம் எந்தத் திரையிலும் தெரிவதில்லை.

“இதை எல்லாம் ஓவியன்தானே தீட்டவேண்டும்? கட்சிக்கும் இதற்கும் என்ன தொடர்பு?” என்று சிலர் கேட்கக்கூடும். கேட்கட்டும். அந்தக் கேள்விக்கு விடை சொல்லத்தான் இந்தக் கட்டுரை. விடையை நான் வாதமாகச் சொல்லப்போவதில்லை. ஒரு மனிதரின் வாழ்வாகவே சொல்லப்போகிறேன்.

இரண்டு வகையான பேச்சு நாட்டிலே நடமாடுகிறது. ஒன்று, மேதாவிகளின் பேச்சு: “ஓவியன் வேலை தீட்டுவது, நடிகன் வேலை நடிப்பது. அரசியல் அவர்களுக்கு எதற்கு? கலையை மாசுபடுத்தாதீர்!” மற்றொன்று, நம்மவரிலேயே சிலரின் பேச்சு: “மாநாட்டுக்கு நான்கு நாள் இருக்கிறது. படத்தைக் கொடுத்தால் ஒரே இரவில் பிளெக்ஸ் அச்சடித்துத் தருகிறான். ஓவியன் எதற்கு?” முன்னவர் கலைஞனை மக்களிடமிருந்து பிரிக்கிறார். பின்னவர் மக்கள் இயக்கத்தைக் கலைஞனிடமிருந்து பிரிக்கிறார். வழி வேறு, போய்ச் சேரும் இடம் ஒன்றுதான். ஏழையின் முகம் சுவரில் ஏறாது!

இந்த இரு சாராருக்கும் ஒருசேர விடை அளிக்கும் வாழ்வு, ஓவியரும் நடிகருமான வீர சந்தானத்தின் வாழ்வு.

அவர் போடிக்காரர் அல்லர். கும்பகோணத்துக்கு அருகிலே உப்பிலியப்பன் கோயில் ஊர்க்காரர். 1947ஆம் ஆண்டு பிறந்தவர். நாடு விடுதலை பெற்ற ஆண்டு அது. கும்பகோணத்திலும் சென்னையிலும் ஓவியக் கல்லூரிகளிலே பயின்றார். சென்னைக் கல்லூரி எளிய இடமன்று. வெள்ளையன் காலத்திலே 1850இல் தோன்றிய கலைப் பள்ளி. இராய் சவுத்ரியும், பணிக்கரும், தனபாலும் தலைமை ஏற்று நடத்திய இடம். கடற்கரையிலே நால்வர் பாறையைப் பெயர்க்கும் உழைப்பாளர் சிலையை நீங்கள் பார்த்திருப்பீர்கள். 1959இல் திறக்கப்பட்ட அந்தச் சிலையை வடித்தவர் அந்தக் கல்லூரியின் தலைவராக இருந்த இராய் சவுத்ரிதான். கோட்டு ஓவியத்தை மட்டுமன்று, உழைப்பவன் உடலின் முறுக்கத்தையும் மதிக்கக் கற்றுத்தந்த மரபு அது.

படித்து முடித்த ஓவியனுக்கு அன்று இரண்டு வழிகள் இருந்தன. செல்வர் வீட்டு வரவேற்பு அறைக்குப் படம் தீட்டலாம். அல்லது திரைப்பட உலகிலே நுழைந்து பணம் பண்ணலாம். வீர சந்தானம் நெசவாளர் சேவை மையத்திற்குச் சென்றார். 1956 முதல் நாடெங்கும் அமைக்கப்பட்ட மையங்கள் அவை. ஓவியர்களைத் தறிக்காரர்களோடு உட்காரவைத்து, சேலைக்கும் துணிக்கும் புதிய வடிவங்களை உருவாக்கவேண்டும் என்பது திட்டம். அங்கே அவர் பல்லாண்டுகள் பணியாற்றினார். எண்ணிப் பாருங்கள்! ஓவியன் தீட்டிய கோடு, நெசவாளியின் தறியிலே ஏறி, ஏழை வீட்டுப் பெண்ணின் தோளிலே வந்து அமர்கிறது. கண்காட்சிக் கூடத்திற்குள் காலடி வைக்காதவளும் அவருடைய ஓவியத்தை உடுத்தியிருக்கக்கூடும்.

அவருடைய ஓவியத்துக்கு வேர் எங்கே இருந்தது? பாரிசிலே அன்று, தோல்பாவைக் கூத்திலே! ஆட்டுத்தோலைப் பதப்படுத்தி, துளையிட்டு, வண்ணம் தீட்டி, விளக்கொளியிலே திரைக்குப் பின்னால் ஆட்டிக் காட்டும் அந்தக் கூத்தை ஊர் ஊராகக் கொண்டுசென்றவர்கள், குடியிருக்க ஒரு முழ நிலம் இல்லாத நாடோடிக் கலைஞர்கள். தஞ்சைப் பக்கத்துக் கோயில் திருவிழாக்களிலே அவர்கள் கூடாரம் அடிப்பார்கள். திருவிழா முடிந்தால் ஊர் அவர்களை மறந்துவிடும். வீர சந்தானம் மறக்கவில்லை. அந்தத் தோல்பாவையின் பெரிய கண்ணையும், முறிந்து மடங்கும் கையையும், துளை வழியே கசியும் ஒளியையும் எடுத்துத் தம் ஓவிய மொழியாக்கிக்கொண்டார். ‘நவீன ஓவியம் நமக்குப் புரியாது’ என்று சொல்லும் தோழர்களே, அவருடைய படங்களின் முன் நின்று பார்த்தால், திருவிழாவில் உங்கள் தாத்தா பார்த்த கூத்து உங்களுக்கு நினைவுக்கு வரும்.

வேலை நிலையானது. ஊதியம் நிலையானது. அரசு முத்திரை குத்திய வாழ்க்கை. அந்த வாழ்க்கையிலிருந்து, ஓய்வு பெறும் காலம் வருமுன்பே அவர் வெளியேறினார். ஏன்? கடலுக்கு அப்பாலே தமிழர் இரத்தம் ஓடிக்கொண்டிருந்தது. ஈழத் தமிழருக்காகக் குரல் கொடுப்பதும், மேடை ஏறுவதும், ஊர்வலத்திலே நடப்பதும், அரசுக் கோப்புக்குள் அடங்காத வேலைகள். இரண்டிலே ஒன்றைத் தேர்ந்தெடுக்கவேண்டும் என்ற நிலை வந்தபோது, அவர் எதைத் தேர்ந்தெடுத்தார் என்பதைத்தான் நாம் பார்க்கவேண்டும். மேடையிலே தியாகம் பேசுவோர் ஆயிரம் பேர் உண்டு. மாதச் சம்பளத்தை விட்டுவிட்டு வந்தோர் எத்தனை பேர்? விரல் விட்டு எண்ணுங்கள்!

திரைக்கு அவர் வந்த கதையையும் கேளுங்கள். பாலு மகேந்திரா ‘சந்தியா ராகம்’ என்ற படத்தை எடுத்தார். 1989ஆம் ஆண்டுப் படம். பாட்டு இல்லை, சண்டை இல்லை, வெளிநாட்டுக் காட்சி இல்லை. கிராமத்திலே மனைவியை இழந்த முதியவர் ஒருவர், நகரத்திலே அண்ணன் மகன் வீட்டுக்கு வருகிறார். அந்த வீட்டிலோ இருப்பவர்களுக்கே சோறு போதவில்லை. முதியவராகச் சொக்கலிங்க பாகவதர் நடித்தார். வாடகை வீட்டிலே வறுமையோடு மல்லாடும் அந்தக் குடும்பத் தலைவனாக நடித்தவர் வீர சந்தானம். மனைவியாக நடித்தவர் அர்ச்சனா. தேசிய விருது பெற்ற படம் அது. அதிலே அவர் ‘நடித்தார்’ என்று சொல்வதற்கே நாக்கு கூசும். கடன்பட்ட நடுத்தர வீட்டு ஆண்மகன் வாய் திறக்காமல் எப்படித் தலை குனிவானோ, அப்படித் தலை குனிந்தார். 2010இல் ‘அவள் பெயர் தமிழரசி’ வந்தது. தோல்பாவைக் கூத்துக் குடும்பத்தின் சிதைவைச் சொன்ன படம். அதிலும் அவர் இருந்தார். எந்தக் கலையிலிருந்து தம் ஓவியத்துக்கு உயிர் எடுத்தாரோ, அந்தக் கலையின் துயரத்தைச் சொல்லத் தம் முகத்தையே கொடுத்தார்.

அதே கல்லூரியிலே ஓவியம் பயின்ற சிவகுமார் 1965இல் திரைக்கு வந்து, நாயகனாகப் புகழ் பெற்றதை நாடறியும். அது அவருடைய உழைப்பின் பயன். அதிலே குறை காண நான் வரவில்லை. ஆனால் நாயகனுக்கு விசில் அடிக்கத் தெரிந்த நமக்கு, நாயகனாக இல்லாத ஒரு முகம் திரையிலே நம் வீட்டுக் கதையைச் சொல்லும்போது, அவர் யார், எங்கிருந்து வந்தார், எதை விட்டுவிட்டு வந்தார் என்று கேட்கத் தோன்றியதா? இதுதான் என் கேள்வி.

இனி, அவர் வாழ்வின் உச்சத்துக்கு வருவோம். 2009 மே மாதம் முள்ளிவாய்க்காலிலே நடந்ததை நான் இங்கே விரிக்கவேண்டியதில்லை. படித்தவர் நெஞ்சிலும் படிக்காதவர் நெஞ்சிலும் அது இருக்கிறது. அந்தக் கொடுமைக்கு ஒரு நினைவிடம் தமிழ் மண்ணிலே வேண்டும் என்று பழ. நெடுமாறன் முதலானோர் முனைந்தனர். தஞ்சைக்கு அருகே விளாரிலே முள்ளிவாய்க்கால் முற்றம் எழுந்தது. அங்கே கல்லிலே செதுக்கப்பட்ட காட்சிகளுக்குக் கோடு வரைந்து கொடுத்தவர் வீர சந்தானம். உளி சிற்பிகளுடையது; கண்ணீர் மக்களுடையது; கோடு அவருடையது. குண்டு விழும் இடத்திலே குழந்தையை அணைத்துக்கொண்டு ஓடும் தாயைக் கருங்கல்லிலே நிறுத்தினார்கள். துணி கிழியும், தாள் மட்கும், திரைப்படச் சுருள் நைந்துபோகும். கல் நிற்கும் என்று நம்பினார்கள்.

2013 நவம்பரிலே முற்றம் திறக்கப்பட்டது. திறந்து ஒரு வாரம் ஆகியிருக்கும். நவம்பர் 13ஆம் நாள் இயந்திரங்கள் வந்தன. சுற்றுச்சுவரும் பூங்காவும் இடிக்கப்பட்டன. ‘நெடுஞ்சாலைத் துறை நிலம்’ என்று காரணம் கூறப்பட்டது. நெடுமாறன் கைது செய்யப்பட்டார்.

மேதாவிகளே, இப்போது சொல்லுங்கள்! கலைக்கும் அரசியலுக்கும் தொடர்பில்லை என்றால், ஒரு சிற்பக் கூடத்தின் சுவரைக் கண்டு அரசு இயந்திரம் ஏன் விழித்தெழுந்து ஓடி வந்தது? நாட்டிலே ஏரியை வளைத்தவன் உண்டு, ஆற்றை வளைத்தவன் உண்டு. அவனுடைய வாசலுக்கெல்லாம் போகாத இயந்திரம், அழுதவர்களின் முற்றத்துக்கு மட்டும் அவ்வளவு விரைவாக வந்தது ஏன்? கலையிலே அரசியல் இருக்கிறது என்பதை ஓவியனைவிட ஆட்சியாளன் நன்றாக அறிந்திருக்கிறான். அறியாதவர்போல நடிப்பவர் நீங்கள் ஒருவரே!

உலகமெங்கும் இதே கதைதான். அமெரிக்கக் கோடீசுவரர் ராக்பெல்லரின் மாளிகைச் சுவரிலே மெக்சிகோ ஓவியர் தியேகோ ரிவேரா ஓவியம் தீட்டினார், அதிலே லெனின் முகம் இருந்தது, நீக்கச் சொன்னார்கள், ஓவியர் மறுத்தார். 1934 பிப்ரவரியிலே அந்தச் சுவரோவியம் உடைத்து நொறுக்கப்பட்டது. பணம் கொடுத்துத் தீட்டச் சொன்னவரே சம்மட்டியால் அடித்தார்! துருக்கியிலே யில்மாஸ் குனே என்றொரு நடிகர் இருந்தார். சண்டைப் படங்களிலே நடித்து நாட்டையே தன் பக்கம் இழுத்த நாயகர். பிறகு ஏழைகளின் கதையைப் படமாக்கினார். அவர் வாழ்வில் கொலைக் குற்றத் தண்டனையும் உண்டு. அவரைப் புனிதராக்கவேண்டிய தேவை நமக்கில்லை. ஆனால் சிறைக்குள் இருந்தபடி எழுதி அனுப்பி, வேறொருவர் கையால் அவர் எடுத்த ‘யோல்’ என்ற படம் 1982இல் கான் விழாவின் முதற்பரிசைப் பகிர்ந்துகொண்டபோது, அதைத் தன் மக்களுக்குக் காட்ட அந்த நாடு அஞ்சியது. குடியுரிமையைப் பறித்தது. 1984இல் அவர் பாரிசிலே இறந்தார். சம்மட்டி ஆனாலும் சரி, தடை ஆணை ஆனாலும் சரி, அவை சொல்வது ஒன்றுதான்: தூரிகைக்கு ஒரு பக்கம் உண்டு.

போடி அரண்மனைச் சுவரை மறுபடியும் நினைத்துப் பாருங்கள். அதைத் தீட்டிய ஓவியன் பெரும் திறமைசாலி. அந்தக் கைக்குத் தலைவணங்குகிறேன். அந்தச் சுவர் காக்கப்படவேண்டும் என்றும் கூறுகிறேன். ஆனால் கூலி கொடுத்தவர் யார்? ஜமீன். எந்தக் கதையைத் தீட்டவேண்டும் என்று முடிவு செய்தவர் யார்? ஜமீன். அரச குடும்பத்தின் கதை அரண்மனைக்குள் ஏறியது. மலையடிவாரத்திலே வரி கட்டிய குடியானவனின் கதை ஏறவில்லை. ‘அரசியல் இல்லாத கலை’ என்று இவர்கள் போற்றுவது, சுவருக்குச் சொந்தக்காரனின் அரசியலைத்தான்!

மேதாவிகளுக்கு விடை கூறியாயிற்று. இனி நம் வீட்டுப் பக்கம் திரும்புவோம். இது கசக்கும், ஆனாலும் கேளுங்கள்.

ஒரு காலம் இருந்தது. ஒவ்வோர் ஊரிலும் கட்சிக்கென்று ஓர் ஓவியர் இருந்தார். சுவரைச் சுண்ணாம்பு அடித்து வெளுத்து, நீலப் பொடியும் காவிக் கல்லும் கரைத்து, இரவிலே அரிக்கன் விளக்கைப் பிடித்துக்கொண்டு எழுதினார். சின்னம் வரைந்தார், தலைவர் முகம் வரைந்தார். அவருக்குப் பக்கத்திலே நின்று சாயச் சட்டியைப் பிடித்த சிறுவன், அடுத்த தேர்தலிலே தானே தூரிகை பிடித்தான். பயிற்சிக் கூடம் அதுதான், பாசறையும் அதுதான். பிளெக்ஸ் வந்தது, தூரிகை பரணிலே ஏறியது. இன்று அந்த ஓவியர்களிலே பலர் வீட்டுக்கு வெள்ளையடிக்கிறார்கள். நாம் மிச்சம் பிடித்தது நான்கு நாள் உழைப்பு. இழந்தது ஒரு தலைமுறையின் கை!

இழந்தது அது மட்டுமா? 2019 செப்டம்பரிலே, சென்னைப் பள்ளிக்கரணையில், சாலை நடுவே கட்டியிருந்த பதாகை சரிந்து, வேலை முடிந்து வீடு திரும்பிய ஓர் இளம் பெண்ணின் உயிர் போயிற்று. எந்தக் கட்சியின் பதாகை என்ற ஆராய்ச்சி நமக்கு வேண்டாம். எல்லாக் கட்சிக்காரர் வீட்டிலும் அந்த அச்சு இயந்திரத்தின் ரசீது இருக்கிறது.

வீர சந்தானம் 2017 ஜூலை 13ஆம் நாள் மறைந்தார். இரங்கல் கூறினோம். மலர் வைத்தோம். நல்லது. அவர் நம் கட்சிச் சீட்டு வாங்கியவர் அல்லர். அவருடைய முழக்கங்கள் எல்லாம் நம் முழக்கங்களும் அல்ல. இருந்தும் நாம் தலைதாழ்த்தினோம், தாழ்த்தவேண்டியதுதான். ஆனால் உயிரோடிருக்கும் ஓவியனுக்கு நாம் என்ன தந்தோம்? மாநாட்டுப் பந்தலிலே நடிகர் ஒருவர் வந்தால் மேடை குலுங்குகிறது. ஓவியன் வந்தால் பின்வரிசையிலே நாற்காலி தேடுகிறான். மாலையும் மலர்வளையமும் இறந்தவனுக்கு. இருப்பவனுக்கு வேண்டியது வேலை, சுவர், சோறு!

‘போடிக்கும் இதற்கும் என்ன?’ என்று இன்னும் ஒருவர் ஐயுற்றால், அவரை மலைக்கு அழைத்துச் செல்வோம்.

ஏலக்காய் உச்சியிலே காய்ப்பதன்று. ஆளை மறைக்கும் அளவுக்குச் செடி வளர்ந்து நிற்கும். காயோ அடியிலே, மண்ணை ஒட்டிப் படரும் சரங்களிலே இருக்கும். ஆகவே பறிப்பவள் நிமிர முடியாது. நாள் முழுதும் குனிந்தோ குந்தியோ இருக்கவேண்டும். எல்லாக் காயையும் உருவிவிடவும் முடியாது. முற்றியது எது, பிஞ்சு எது என்று விரல் அறியவேண்டும். ஒரே செடிக்கு மாதம் ஒன்றரை மாதத்துக்கு ஒரு முறை திரும்பத் திரும்ப வரவேண்டும். ஆடி, ஆவணி மழையிலே தொடங்கும் பறிப்பு, தை, மாசி வரை நீளும். காலிலே அட்டை, முதுகிலே மழை, மூச்சிலே பூச்சிமருந்து. பூச்சிமருந்து மிகுதியாகத் தெளிக்கப்படும் பயிர்களிலே ஏலம் முன்வரிசையில் நிற்கிறது என்பதை மறவாதீர்கள். ஐந்து கிலோ பச்சைக் காய் பறித்தால், உலர்களத்திலே ஓர் இரவும் பகலும் சூடேறிய பின், மிஞ்சுவது ஏறக்குறைய ஒரு கிலோ. பச்சையாய் இருந்தால் நல்ல விலை. நிறம் மங்கினால் விலை மங்கும். அந்த நிறத்தைக் காப்பாற்றியது அவள் விரல். அவள் கன்னத்து நிறம் மங்கியதற்கு யார் விலை கூறுவது?

அவள் ஏறும் மலை அவள் மாநிலத்திலும் இல்லை. 1956 நவம்பர் முதல் நாள் மாநிலங்கள் பிரிக்கப்பட்டபோது, தேவிகுளமும் பீர்மேடும் உடும்பன்சோலையும் கேரளத்தோடு நின்றன. வீடு இந்தப் பக்கம், வேலை அந்தப் பக்கம். அமைதியான நாளிலே அந்த எல்லை அவள் கண்ணுக்குத் தெரிவதில்லை. 2011 டிசம்பரிலே முல்லைப் பெரியாறு அணைச் சிக்கல் முற்றியபோது தெரிந்தது! தோட்டங்களிலிருந்து நூற்றுக்கணக்கான தமிழ்த் தொழிலாளர் குழந்தைகளைத் தோளிலே போட்டுக்கொண்டு, காட்டு வழியாக மலை இறங்கி, தேவாரம் பக்கமும் போடிப் பக்கமும் வந்து சேர்ந்தார்கள். செய்தித்தாளிலே ஒரு வாரம் வந்தது. பிறகு? அடுத்த பறிப்புக்கு அதே பெண்கள் அதே ஜீப்பிலே ஏறினார்கள். குழந்தையை அணைத்துக்கொண்டு ஓடும் தாயை விளாரிலே கல்லாக நிறுத்தினார் வீர சந்தானம். குழந்தையைத் தோளிலே போட்டுக்கொண்டு மலை இறங்கிய தாயை நாம் எங்கே நிறுத்தினோம்? எந்தச் சுவரிலே?

இந்த மலைக்கு இது புதிதும் அன்று. இதே மலையின் நிழலிலே உள்ள பண்ணைப்புரத்திலே பாவலர் வரதராஜன் பிறந்தார். ஆர்மோனியப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு, தம்பிமாரைக் கூட்டிக்கொண்டு, பொதுவுடைமைக் கட்சியின் மேடைகளிலே பாடினார். 1958இல் தேவிகுளம் இடைத்தேர்தல். வேட்பாளர் ரோசம்மா புன்னூஸ். தேயிலைத் தோட்டத் தமிழ்த் தொழிலாளியிடம் அவர் மொழியிலேயே பாட்டாகப் பேசினார் பாவலர். புன்னூஸ் வென்றார். அந்தப் பாட்டுக் குழுவிலே நின்ற தம்பி ஒருவர்தான் பின்னாளிலே இளையராஜா என்று உலகறிந்தவர். இளையராஜாவைப் பற்றிப் பேச நமக்கு ஆயிரம் வாய். 1973இல் மறைந்த பாவலரைப் பற்றிப் பேச எத்தனை வாய்? மலை ஏறிச் சென்று மக்களிடம் பாடிய கலைஞனை, அந்த மக்களுக்காகவே உழைப்பதாகக் கூறும் இயக்கங்கள் நினைவில் வைக்காவிட்டால், வேறு யார் வைப்பார்?

கட்சி ஒன்று கலைஞனை என்ன செய்யவேண்டும் என்பதற்கு இந்த நாட்டிலேயே ஓர் எடுத்துக்காட்டு உண்டு. 1943. வங்கத்திலே பஞ்சம். இலட்சக்கணக்கில் மக்கள் மடிந்தார்கள். பொதுவுடைமைக் கட்சி என்ன செய்தது? தீர்மானம் போட்டதோடு நிற்கவில்லை. சித்தப்பிரசாத் என்ற இளம் ஓவியரைப் பஞ்சம் பாதித்த மேதினிப்பூருக்கு அனுப்பியது. அவர் நடந்தார், பார்த்தார், கேட்டார், கறுப்பு மையிலே வரைந்தார். எலும்பும் தோலுமாய்க் கிடந்தவர்களை ‘எண்ணிக்கை’யாக வரையவில்லை, அவரவர் முகத்தோடு வரைந்தார். கட்சி ஏடுகள் அவற்றை வெளியிட்டன. நூலாக வந்தபோது வெள்ளையன் அரசு படிகளைப் பறித்து அழித்தது. ஓர் ஓவியனின் மைக்கு ஒரு சாம்ராஜ்யம் அஞ்சியது!

அதைத்தான் இன்று கேட்கிறேன். ஓவியனை மலைக்கு அனுப்புங்கள்!

செய்யக்கூடாததா? போடி ஒன்றியத்தின் தோழர்கள் ஒரு மாநாட்டின் பிளெக்ஸ் செலவை மட்டும் நிறுத்தினால் போதும். கும்பகோணத்திலும் சென்னையிலும் ஓவியக் கல்லூரிகள் இன்றும் இருக்கின்றன. அங்கே படிக்கும் ஏழை வீட்டுப் பிள்ளைகள் நால்வரை அழையுங்கள். ஒரு பறிப்புக் காலம் முழுதும் தங்கவையுங்கள். விடியற்காலை ஜீப்பிலே தொழிலாளரோடு ஏறட்டும், செடியடியிலே குந்தட்டும், தரம் பிரிக்கும் கிடங்கிலே முறத்தின் முன் உட்காரட்டும். வரையட்டும். பிறகு, நம் கட்சி அலுவலகத்தின் சுவரை, எத்தனை முறை தலைவர் படம் மாறிய அந்தச் சுவரை, அவர்களிடம் ஒப்படையுங்கள். ஊரிலே சுவர் எழுதிப் பழகி இன்று வெள்ளையடிக்கும் மூத்த ஓவியரை அவர்களுக்கு வழிகாட்டியாக அமர்த்துங்கள். கூலியைக் குறைக்காமல் கொடுங்கள். கலைஞனுக்கு ‘தொண்டு’ என்று சொல்லிக் கூலி மறுப்பது, தோட்ட முதலாளி செய்வதற்கு எந்த வகையிலும் குறைந்ததன்று.

ஒன்று எச்சரிப்பேன். அவர்கள் தீட்டியது நமக்குப் பிடிக்காமலும் போகலாம். ஜீப்பிலே அளவுக்கு மீறி ஆள் ஏற்றுபவன் நம் கட்சிக்காரனாகவே இருந்தால், அதையும் அவர்கள் தீட்டக்கூடும். அப்போது சுண்ணாம்பு வாளியைத் தூக்கிக்கொண்டு ஓடாதீர்கள்! ஓடினால், ராக்பெல்லரின் சம்மட்டிக்கும் விளாரிலே வந்த இயந்திரத்துக்கும் நமக்கும் என்ன வேறுபாடு?

“ஓவியம் கூலியை உயர்த்துமா? ஓவியம் விபத்தைத் தடுக்குமா?” என்று கேட்பவர்க்கு ஒன்று கூறுவேன். கூலியை உயர்த்துவது போராட்டம்தான். ஆனால் போராட்டத்துக்கு ஆள் சேர்வது எப்படி? ‘என் துன்பம் என் தலையெழுத்து’ என்று எண்ணிக் குனிந்திருப்பவள், ‘இது என் ஒருத்தியின் துன்பமன்று, எங்கள் எல்லோருடையதும்’ என்று உணரும்போதுதான் நிமிர்கிறாள். தன் முகத்தை ஒரு பொதுச் சுவரிலே, தலைவர்கள் முகம் இருந்த உயரத்திலே, அவள் காணும் நாள், அந்த உணர்வு தொடங்கும் நாள். ஜமீன்தார் இதை அறிந்திருந்தார். ஆகவேதான் தம் சுவருக்கு ஓவியனை அமர்த்தினார். நகைக்கடைக்காரர் அறிந்திருக்கிறார், ஆகவேதான் பணம் கொட்டுகிறார். நாம் மட்டும் அறியாதவர்களாக இருக்கலாமா?

தறியிலும் திரையிலும் கருங்கல்லிலும் வீர சந்தானம் தம் கோட்டைப் பதித்துவிட்டுப் போனார். ஒவ்வோர் இடத்திலும் அவர் நின்றது, இல்லாதவன் பக்கம், இழந்தவன் பக்கம். அவருக்கு நாம் செலுத்தவேண்டிய கடன் மலர்வளையத்திலே அடங்காது.

போடித் தோழர்களே, ஆடி மாதம் வருகிறது, பறிப்பு தொடங்கும். சுவரை வெளுத்து வையுங்கள்!